கோவூர் கிழார் இல்லாத போர்



மரக்காணத்திலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலை வழியாக இங்கே பொம்மையார்பாளையத்துக்கு வந்தேன். அளங்களில் வாரிக் குவித்த உப்பை, மழைக்கு முன்னால் கீற்றுப் போட்டு மூடிக்கொண்டிருந்தார்கள். இந்தக் கடற்கரை பாணர்கள் நடந்த கடற்கரை. சிறுபாணாற்றுப்படை சொல்லும் எயிற்பட்டினம் மரக்காணம்தான் என்று அறிஞர்கள் பலர் கொள்கிறார்கள். ஓய்மாநாட்டு நல்லியக்கோடனிடம் பரிசில் பெற்றுத் திரும்பும் பாணன், வழியில் வாடிய முகத்தோடு எதிர்ப்பட்ட இன்னொரு பாணனை இந்தப் பக்கம்தான் அனுப்பிவைக்கிறான். யாழைச் சுமந்துகொண்டு அரசனைத் தேடிப் போனவர்கள் அவர்கள். அரசனின் வெற்றியைப் பாடினால் அன்றைக்குச் சோறு. பாட்டுக்கும் போருக்கும் தமிழில் உள்ள உறவு அத்தனை பழையது.

அதே சாலையில்தான் கீழ்ப்புத்துப்பட்டு இருக்கிறது. அங்குள்ள அய்யனார் கோயிலுக்குப் பொங்கல் வைக்கப் போகாத குடும்பம் இந்த அவையில் அநேகமாக இருக்காது. அந்த ஊரில் இலங்கைத் தமிழர் முகாம் இருக்கிறது. முப்பது ஆண்டுகளுக்கு மேலாக இருக்கிறது. நான் பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுத்த காலத்தில் முகாமிலிருந்து வந்த பிள்ளைகள் என் வகுப்பில் படித்தார்கள். நம் பிள்ளைகள் "சார்" என்பார்கள். அவர்கள் "சேர்" என்பார்கள். ஒரு மாணவனுக்குக் காய்ச்சல் என்று பார்க்கப் போனபோது, அவனுடைய பாட்டி அரிசி டின்னுக்குள் கைவிட்டு ஒரு ஒலிநாடாவை எடுத்துக் காட்டினார். 2006-ல் மன்னார்க் கரையிலிருந்து படகேறியபோது பொலித்தீன் பையில் சுற்றி இடுப்பில் கட்டிக்கொண்டு வந்தது அது. இங்கே யாராவது பார்த்தால் வம்பாகிவிடும் என்ற பயத்தில் அதை ஒருமுறைகூடப் போட்டுக் கேட்டதில்லை. நான் பார்த்தபோது நாடா ஒன்றோடொன்று ஒட்டி இறுகிவிட்டிருந்தது.

"கசற் பழுதாப் போச்சுது சேர். பாட்டு பழுதாகேல்லை" என்று சொல்லிவிட்டு, அந்த அம்மா சன்னமான குரலில் முழுப் பாட்டையும் பாடினார். போரில் இறந்தவர்களின் துயிலும் இல்லங்களில் நவம்பர் 27 மாலையில் விளக்கேற்றும்போது ஒலித்த பாட்டு அது. பாடி முடித்ததும், "இது என்ர மகனுக்குப் பாடின பாட்டு" என்றார். பாட்டை எழுதியவர் யார் என்று கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை.

அந்தப் பாட்டை எழுதியவரைப் பற்றியும், அவரைப் போன்றவர்களைப் பற்றியும்தான் இன்றைக்குப் பேச வந்திருக்கிறேன். ஒரு நாடு தனக்குள்ளேயே போர் தொடுத்துக்கொள்ளும்போது பாட்டெழுதுகிறவனுக்கு என்ன நேர்கிறது? அவன் பாட்டைக் கேட்டுப் போன பிள்ளைகளுக்கு அவன் பொறுப்பா? பொறுப்பென்றால், அதை யார், எப்படி, எங்கே வைத்துக் கேட்பது?

இலங்கை அரசுக்கும் விடுதலைப் புலிகளுக்கும் நடந்த ஈழப் போரின் பாடல்கள் எப்படிப் பரவின என்று முதலில் சொல்ல வேண்டும். தொடக்க காலத்தில் பல பாடல்கள் சென்னையின் ஒலிப்பதிவுக் கூடங்களில் உருவாயின. மட்டக்களப்பில் பிறந்து சென்னை பச்சையப்பன் கல்லூரியில் படித்த காசி ஆனந்தனின் வரிகளை நம் தேனிசை செல்லப்பா மேடை மேடையாகப் பாடினார். தமிழ்நாட்டில் அந்தக் கச்சேரிகளைக் கேட்டு வளர்ந்த தலைமுறை ஒன்று உண்டு. நானும் அதில் ஒருவன். பிறகு யாழ்ப்பாணத்திலும் வன்னியிலுமே பாடல்கள் உருவாகத் தொடங்கின. 1990 நவம்பரில் 'புலிகளின் குரல்' வானொலி தொடங்கியது. எஸ். ஜி. சாந்தன், வர்ண இராமேஸ்வரன் போன்றவர்களின் குரல் வீட்டுக் குரலாயிற்று.

1990 ஜூனில் போர் மறுபடி மூண்டதும் யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு மின்சாரம் நின்றுபோனது. பாட்டரியும் அங்கே கொண்டுபோகத் தடைசெய்யப்பட்ட பொருளானது. ஜாம் போத்தலில் திரி போட்டுச் சிறு விளக்கு எரித்தார்கள். பாட்டுக் கேட்க வேண்டுமென்றால் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, ஒருவர் பெடலைக் கையால் சுற்றுவார். டைனமோவிலிருந்து வரும் மின்சாரத்தில் ரேடியோ பாடும். சுற்றுகிற கை தளர்ந்தால் பாட்டும் தளரும். இந்தக் காட்சியை நான் முகாமில் பலரிடம் கேட்டிருக்கிறேன். சொல்லும்போது எல்லோருமே கையைச் சுற்றிக் காட்டித்தான் சொல்கிறார்கள். இங்கே நாம் பொத்தானை அமுக்கிக் கேட்ட பாட்டை அங்கே உடம்பால் உழைத்துக் கேட்டார்கள். அப்படிக் கேட்ட பாட்டு உள்ளே போய்த் தங்குகிற விதமே வேறு.

அந்தப் பாடல்களில் பெரும் பங்கு புதுவை இரத்தினதுரையுடையது. 1948 டிசம்பர் 3-ல் யாழ்ப்பாணத்துப் புத்தூரில் பிறந்தவர். சிற்பத் தொழில் தெரிந்தவர். இளமையில் இடதுசாரி இயக்கத்தோடு நின்றவர்; 1970-ல் வந்த அவருடைய தொகுப்பின் பெயரே 'வானம் சிவக்கிறது'. பிறகு விடுதலைப் புலிகளின் கலை பண்பாட்டுக் கழகத்துக்குப் பொறுப்பாளரானார். 'வெளிச்சம்' இதழ் அந்தக் கழகத்தின் வெளியீடு. 'வியாசன்' என்ற பெயரில் அவர் எழுதிய 'உலைக்களம்' கவிதைகள் பேர்போனவை. உளி பிடித்த கை எழுதிய பாட்டு என்பது கேட்டாலே தெரியும். சொல்லைச் செதுக்கி வைப்பார்; தாளத்துக்காகச் சேர்த்த வெறுஞ்சொல் அவரிடம் குறைவு.

அவர் எழுதியதில் இரண்டு வகை உண்டு. ஒன்று அழைக்கும் பாட்டு. பிள்ளையைக் களத்துக்கு வரச் சொல்லும், பகைவனின் முடிவைச் சொல்லும், மண்ணைச் சொந்தம் கொண்டாடும். மற்றது அழும் பாட்டு. முகாம் அம்மா பாடியது இந்த இரண்டாவது வகை. முதல் வகைப் பாட்டு ஒன்றையும் அந்த அம்மா என்னிடம் பாடவில்லை. அங்கே எத்தனையோ பேரிடம் கேட்டுவிட்டேன். முதலில் நாவுக்கு வருவது இறந்தவர்களுக்கான பாட்டுத்தான்.

நம் புறத்திணையிலும் இந்த இரண்டும் உண்டு. முதல் நாள் தந்தையையும் மறுநாள் கணவனையும் போரில் இழந்தவள், ஒரே மகனையும் தலைவாரி வேல் கொடுத்து அனுப்பும் ஒக்கூர் மாசாத்தியாரின் பாட்டு எல்லோருக்கும் தெரியும். தமிழ்நாட்டு மேடைகளில் அது முழங்கிக்கொண்டே இருந்தது. கடல் கடந்தும் முழங்கியது. அதே புறநானூற்றில், இழந்ததை நினைத்து அழும் கையறுநிலை என்று ஒரு துறை இருப்பதை, அப்பனையும் குன்றையும் இழந்த பாரி மகளிர் நிலவைப் பார்த்துச் சொன்னதை, மேடைகள் அந்த அளவுக்குச் சொல்லவில்லை. நானும் வகுப்பில் மாசாத்தியாரைச் சொன்ன உற்சாகத்தோடு கையறுநிலையைச் சொல்லிக்கொடுத்ததில்லை. அது என் குற்றம். இந்த அவையில் ஒப்புக்கொள்கிறேன்.

புறநானூற்றில் உள்நாட்டுப் போருக்கும் பாட்டு இருக்கிறது. சோழர் குடியில் நலங்கிள்ளிக்கும் நெடுங்கிள்ளிக்கும் பகை. ஒருவன் உறையூரை முற்றுகையிட, மற்றவன் கதவடைத்து உள்ளே இருக்கிறான். கோவூர் கிழார் இருவருக்கும் நடுவில் போய் நின்று சொன்னார்: நீங்கள் இருவர் சூடியிருப்பதும் ஆத்திதான், யார் தோற்றாலும் தோற்பது உங்கள் குடி, இருவருமே வெல்வது ஆகாது. இன்னொரு சம்பவம் இதைவிடப் பெரிது. நலங்கிள்ளியிடமிருந்து உறையூருக்கு வந்த இளந்தத்தன் என்ற புலவனை, ஒற்றனென்று எண்ணி நெடுங்கிள்ளி கொல்லப் போனான். கோவூர் கிழார் ஒரு பாட்டுப் பாடி அவனைக் காப்பாற்றினார். புலவர்கள் பறவை போலப் பல இடமும் பறந்து, பாடிப் பெற்றதைச் சுற்றத்துக்குக் கொடுத்து, பிறருக்குத் தீங்கு நினையாமல் வாழ்கிறவர்கள் என்பது அந்தப் பாட்டின் வழக்கு. பகைவன் பக்கத்திலிருந்து வந்த பாட்டுக்காரனின் உயிருக்காக வாதாடிய பாட்டு தமிழில் ஈராயிரம் ஆண்டுக்கு முன்பே இருக்கிறது. நம் காலத்துப் போரில் இளந்தத்தன்கள் பலர் இருந்தார்கள். கோவூர் கிழார் இல்லை.

இலங்கையில் எல்லாப் பக்கத்து இளந்தத்தன்களையும் பார்ப்போம்.

1990 அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை இரண்டு மணி நேரத்தில் வெளியேறச் சொன்னார்கள் புலிகள். வடக்கு முழுவதிலிருந்தும் அந்த நாட்களில் துரத்தப்பட்டவர்கள் எழுபதாயிரத்துக்கு மேல். தமிழ் பேசுகிறவர்கள், தலைமுறை தலைமுறையாக அந்த மண்ணில் வாழ்ந்தவர்கள். மண் எங்களுடையது என்ற பாட்டு அவர்கள் காதில் எப்படி விழுந்திருக்கும் என்று நாம் தமிழ்நாட்டில் உட்கார்ந்து ஒருநாளும் யோசித்ததில்லை. அடுத்த ஆண்டு, 1991 மே மாதத்தில், சிவரமணி என்ற இளங்கவிஞர் தன் கவிதைகளை எரித்துவிட்டுத் தன் உயிரையும் மாய்த்துக்கொண்டார்.  அதே ஆண்டு ஆகஸ்ட் இறுதியில் செல்வி என்ற கவிஞரைப் புலிகள் பிடித்துச் சென்றார்கள். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் நாடகம் படித்தவர். 1992-ல் எழுத்தாளர் அமைப்பான பென் அவருக்கு விருது அறிவித்தது. வாங்க அவர் வரவில்லை, இன்றுவரை திரும்பவில்லை. அப்போது இயக்கத்தின் கலைத் தலைமையில் இருந்த கவிஞர், இன்னொரு கவிஞருக்காக ஒரு பாட்டுப் பாடியிருக்க வேண்டும். பாடவில்லை. புதுவையின் சொல்வளத்தை நான் எவ்வளவு மதித்தாலும் இந்த இடத்தில் என் மனம் அவரை விட்டு விலகுகிறது.

சிங்களப் பக்கம் வாருங்கள். பிரேமகீர்த்தி த அல்விஸ் ஜனரஞ்சகமான பாடலாசிரியர். வானொலியிலும் தொலைக்காட்சியிலும் எல்லோருக்கும் தெரிந்த குரல். எழுதியதில் பெரும்பாலானவை காதல் பாட்டுகள். சிங்கள இடதுசாரி இயக்கமான ஜே.வி.பி.யின் இரண்டாம் ஆயுதக் கிளர்ச்சிக் காலத்தில், 1989 ஜூலை 31 அன்று அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அதே காலத்தில் நந்தா மாலினி பாடிய, சுனில் ஆரியரத்ன எழுதிய 'பவன' பாடல்கள் சிங்கள இளைஞர்களைக் கொதிக்க வைத்தன. அரச வானொலி அவற்றை ஒலிபரப்ப மறுத்தது. ஒரு பாட்டை அரசு அடைத்தது. இன்னொரு பாட்டுக்காரனைத் துப்பாக்கி அடைத்தது. தெற்கில் ஆயிரமாயிரம் சிங்களத் தாய்மார்கள் அந்த இரண்டாண்டில் பிள்ளைகளை இழந்தார்கள். அவர்களுடைய அழுகை நம் காதுக்கு எட்டவே இல்லை. நடுவில் கடல் இருந்ததோடு மொழியும் இருந்தது.

அந்த நாட்டின் நாட்டுப்பண்ணுக்கே ஒரு சோகக் கதை உண்டு. தேசிய கீதத்தை எழுதி இசையமைத்த ஆனந்த சமரக்கோன் சாந்திநிகேதனில் படித்தவர். பிரதமர் பண்டாரநாயக்க 1959-ல் சுடப்பட்ட பிறகு, பாட்டின் முதல் சொல் நாட்டுக்கு ஆகாத சொல் என்று பேச்சுக் கிளம்பியது. 1961-ல் எழுதியவரின் சம்மதம் இல்லாமல் வரியை மாற்றினார்கள். 1962 ஏப்ரலில் சமரக்கோன் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அதே கீதத்துக்குப் பண்டிதர் மு. நல்லதம்பி செய்த தமிழ் வடிவம் இருக்கிறது. சுதந்திர நாள் அரச விழாவில் 2016-ல் அது மீண்டும் ஒலித்தது, 2020-ல் மீண்டும் விடுபட்டது. நாட்டுப்பண் என்று நாம் எளிதாகச் சொல்கிறோம். எந்த மொழியில் பாடலாம் என்பதைக்கூட ஆட்சி முடிவுசெய்கிறது.

பாட்டெழுதியவன் பொறுப்பா என்று கேட்டேன். உலகத்தில் ஒரு நீதிமன்றம் இதை நேராக விசாரித்திருக்கிறது. ருவாண்டாவில் சிமோன் பிக்கிண்டி என்ற புகழ்பெற்ற பாடலாசிரியர் இருந்தார். 1990-ல் தொடங்கிய உள்நாட்டுப் போரின்போது அவர் இயற்றிய பாடல்களை, 1994-ல் டுட்சி இன மக்களை வெட்டிச் சாய்த்த நாட்களில் 'மில் கொலின்' வானொலி திரும்பத் திரும்ப ஒலிபரப்பியது. அருஷாவில் இயங்கிய பன்னாட்டுத் தீர்ப்பாயம் 2008 டிசம்பர் 2 அன்று அவருக்குப் பதினைந்து ஆண்டு சிறை விதித்தது. தண்டனை பாடல்களுக்காக அல்ல. 1994 ஜூன் இறுதியில் ஒரு சாலையில் ஒலிபெருக்கி கட்டிய வண்டியில் போய், டுட்சிகளைக் கொல்லச் சொல்லி அவர் பேசிய பேச்சுக்காக. பாடல்கள் வெறுப்புக்குப் பயன்பட்டதை நீதிபதிகள் பார்த்தார்கள். ஆனால் 1994-ல் அவற்றை ஒலிபரப்பியதில் அவருக்குப் பங்கு இருந்தது நிறுவப்படவில்லை என்றார்கள். பாட்டை எழுதுவது வேறு, பாட்டை ஆயுதமாக எடுத்துச் சுழற்றுவது வேறு என்று அவர்கள் கோடு கிழித்தார்கள்.

அந்தக் கோட்டில் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. பதினெட்டு நிரம்பாத பிள்ளைகளைப் புலிகள் படையில் சேர்த்ததை ஐ.நா. குழந்தைகள் நிதியம் பலமுறை பதிவுசெய்தது. கடைசி ஆண்டுகளில் வீட்டுக்கு ஒருவர் என்று கட்டாயமாகவே பிடித்துப் போனார்கள். அழைக்கும் பாட்டை எழுதியவர், அந்தப் பாட்டு எந்த வாசலில் போய் நிற்கிறது என்று பார்க்கக் கடமைப்பட்டவர். ஆனால் ருவாண்டா வழக்கில் நடந்த ஒன்று மிக முக்கியமானது. பிக்கிண்டியை ஒரு கூண்டில் ஏற்றிக் கேள்வி கேட்டார்கள். அவர் தரப்பு பதில் சொன்னது. சாட்சிகள் வந்தார்கள். அவருக்கு வழக்கறிஞர் இருந்தார். தீர்ப்பு எழுத்தில் இருக்கிறது; யாரும் படிக்கலாம், மறுக்கலாம்.

புதுவை இரத்தினதுரைக்கு அப்படி ஒன்றும் நடக்கவில்லை. போர் முடிந்த 2009 மே 18-ஐ ஒட்டிய நாட்களில் முல்லைத்தீவுக் கரையில் இராணுவத்திடம் சரணடைந்தவர்களுக்குள் அவரும் இருந்தார் என்று கண்டவர்கள் சொல்கிறார்கள். அதற்குப் பிறகு அவரைப் பற்றித் தகவல் இல்லை. வழக்கு இல்லை, தீர்ப்பு இல்லை, கல்லறை இல்லை. செல்வியைக் காணாமல் ஆக்கியவர்களின் கவிஞரும் காணாமல் ஆக்கப்பட்டார். செல்விக்காக ஏன் பாடவில்லை என்று அவரிடம் கேட்க எனக்கு ஆசை. எழுபத்தைந்து வயதைக் கடந்த ஒரு கிழவர் திண்ணையில் உட்கார்ந்து, அந்தக் கேள்விக்குத் தடுமாறிப் பதில் சொல்வதைக் கேட்க வேண்டும். அந்தப் பதிலைத்தான் நம்மிடமிருந்து பறித்துக்கொண்டார்கள். ஒரு மனிதனை மறைத்துவிட்டால் அவனிடம் கேட்க வேண்டிய கணக்கும் சேர்ந்து மறைந்துபோகிறது.

பாடியவர்களின் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சாந்தன் போருக்குப் பிறகு தடுப்புக் காவலிலிருந்து வெளியே வந்து, கோயில் திருவிழாக்களில் பாடினார். போர்ப்பாட்டு பாடிய அதே குரல் பிள்ளையாரையும் முருகனையும் பாடியது. சனம் வந்து கேட்டது. அந்தக் குரலில் தாங்கள் இழந்தது எல்லாம் இருந்ததால் கேட்டது. 2017 பிப்ரவரி 26 அன்று யாழ்ப்பாணத்தில் இறந்தார். அதே மாதம் 20-ம் தேதிதான் கிளிநொச்சியில், காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார்கள் தெருவோரம் கொட்டகை போட்டு உட்காரத் தொடங்கியிருந்தார்கள். வர்ண இராமேஸ்வரன் 2021-ல் கனடாவில் காலமானார். முகாம் அம்மா பாடிய பாட்டு ஒலித்த துயிலும் இல்லங்களைப் படையினர் இடித்துத் தள்ளினார்கள். கோப்பாயில் அந்த இடத்தின்மேலேயே படைமுகாம் கட்டினார்கள். கல்லறை போன பின்னும் பாட்டு மிஞ்சியிருக்கிறது. மகனின் பெயர் வெட்டிய கல் இல்லாத அம்மாவுக்கு அந்தப் பாட்டுத்தான் கல்.

இதனால்தான் அந்தப் பாடல்களை ஒட்டுமொத்தமாகத் தூக்கி எறியச் சொல்லும் கூட்டத்தோடு எனக்கு ஒப்புதல் இல்லை. நாற்காலியில் சாய்ந்துகொண்டு அழைக்கும் பாட்டை இன்னும் ஒலிபெருக்கியில் முழக்குகிறவர்களோடு அதைவிடவும் ஒப்புதல் இல்லை. நம் வீட்டுப் பிள்ளை யாரும் அந்தப் பாட்டைக் கேட்டுக் களத்துக்குப் போகவில்லை. போனவர்களின் தாய்மார்கள் இங்கிருந்து சைக்கிள் மிதிக்கும் தூரத்தில் இருக்கிறார்கள். அவர்கள் எந்தப் பாட்டைப் பாடுகிறார்களோ அந்தப் பாட்டை நாமும் கேட்போம்.

மாணவர்களே, உங்களிடம் ஒன்று கேட்டு முடிக்கிறேன். உங்கள் எல்லோர் கையிலும் ஒலிப்பதிவு செய்யும் கைபேசி இருக்கிறது. 'நூலகம்' என்ற எண்ணிம நூலகம் 2005 முதல் ஈழத்து நூல்களையும் இதழ்களையும் சேர்த்து வருகிறது. அதுபோல நீங்கள் பாட்டுகளைச் சேருங்கள். கீழ்ப்புத்துப்பட்டுக்குப் போங்கள். அனுமதி வாங்கிக்கொண்டு போங்கள். பாடுகிறவர் விரும்பாவிட்டால் பெயரைப் பதியாதீர்கள். போர்ப்பாட்டு மட்டும் கேட்காதீர்கள். தாலாட்டு, ஒப்பாரி, வலை இழுக்கும்போது பாடும் அம்பாப்பாட்டு, இயக்கத்தை ஏசிப் பாடிய பாட்டு இருந்தால் அதையும் கேளுங்கள். எழுதியவர் யார் என்று தேடிக் கண்டுபிடித்து, அவரைப் பற்றிப் பாடியவருக்குப் போய்ச் சொல்லுங்கள். அரிசி டின்னில் ஒலிநாடா வைத்திருந்த அம்மா இப்போது இல்லை. அந்தப் பாடல்களை அடிமுதல் நுனிவரை தெரிந்தவர்களில் பலருக்கு அறுபது கடந்துவிட்டது. முகாமில் ஆண்கள் பலர் பெயின்ட் வேலைக்குப் போகிறவர்கள். ஐப்பசி மழை பிடித்தால் அந்த வேலை இருக்காது. அளத்து வேலையும் இருக்காது. எல்லோரும் வீட்டில் இருப்பார்கள். அந்த மழைக்காலத்திலேயே போங்கள்.